நீ எனக்குக் குறைகிறாய்

1959-ஆம் வருஷம், சாம்பல் புதனுக்கு முந்தைய ஞாயிற்றுக்கிழமை, பிற்பகல் நான்கு மணிக்கு, லூசியானாவில் லான்ஸ் நுவார் ஊரின் நடனக் கூடத்தில் கணுக்கால் அளவு தண்ணீர் ஏறியது. வெளியே நல்ல வெயில். வாய்க்கால் எதுவும் உடையவில்லை, குழாயும் உடையவில்லை. மேடையில் ஒவிட் லாந்த்ரினோ தன் புதுப் பாட்டின் முதல் வரியை எடுத்ததும், பலகைத் தரையின் இடுக்குகளிலிருந்து, நெல்வயலில் நிற்பது போன்ற கலங்கிய தண்ணீர், லேசான வெதுவெதுப்போடு ஏறத் தொடங்கியது. கடைசி வரியில் வடிந்துவிட்டது. பாட்டு இரண்டு நிமிடம் நாற்பது விநாடி. தண்ணீரோடு வந்த சேற்று இறால்களில் ஏழெட்டு, வடியும்போது பின்தங்கிவிட்டன. கூடத்துக்காரர் மனைவி அவற்றை ஒரு வாளியில் பொறுக்கிப் போட்டுக்கொண்டாள். அந்த வாரம் லூசியானா முழுக்க நெல் விலை இறங்கியிருந்ததால் ஊரில் அதைப் பற்றித்தான் பேச்சு. தண்ணீரைப் பற்றி வாய் திறந்தவர்கள், செருப்பைக் கழற்றிவிட்டு ஆடினால் வழுக்கவில்லை, மெதுவான பாட்டுக்கு அது தோதாகத்தான் இருக்கிறது என்றார்கள். மூன்றாம் நாள் தவக்காலம் தொடங்கிக் கூடத்தைப் பூட்டினார்கள். தவக்காலத்தில் எங்கள் பக்கம் யாரும் ஆடுவதில்லை. தரை காய்வதற்கு அந்த நாற்பது நாள் போதுமானதாக இருந்தது.

ஒவிட்டுக்கு அப்போது இருபத்திரண்டு வயது. அப்பா குத்தகைக்கு நெல் போட்டவர். எங்கள் பக்கத்துப் பிள்ளைகள் எல்லோரையும்போல அவனும் வீட்டில் பிரெஞ்சு பேசி வளர்ந்து, ஆறு வயதில் பள்ளிக்கூடம் போய், ஒண்ணுக்குப் போகணும் என்று பிரெஞ்சில் கேட்டதற்காக முழங்காலில் நிறுத்தப்பட்டவன். முழங்காலுக்குக் கீழே நெல்லைப் பரப்பியிருப்பார்கள். பிறகு 'பள்ளி எல்லைக்குள் பிரெஞ்சு பேசமாட்டேன்' என்று கரும்பலகையில் இருநூறு தடவை ஆங்கிலத்தில் எழுத வேண்டும். ஒவிட் எழுதிய தடவைகளுக்கு அளவே இல்லை; அவன் கையெழுத்து மணிமணியாக இருந்ததற்கு அதுதான் காரணம். கையெழுத்து வந்த அளவுக்கு ஆங்கிலம் வரவில்லை. எதையும் முதலில் பிரெஞ்சில் நினைத்து, பிறகு சட்டையைப் புரட்டுவதுபோல ஆங்கிலத்துக்குப் புரட்டுவான். பெரும்பாலும் சரியாகத்தான் இருக்கும். சில சட்டைகளில் மட்டும் பை வெளியே தொங்கும்.

அவனுக்கு ஒரு பெண் மேல் ஆசை. பெயர் அசெலி கில்லரி. வாய்க்காலுக்கு அந்தப் பக்கத்து வீடு. யார் எது சொன்னாலும் முகத்துக்கு நேரே திருப்பிக் கொடுக்கிற பெண். ஊர்ப் பையன்கள் அவளிடம் மூக்கு உடைபட்டுத் திரும்பியதுதான் மிச்சம். ஒவிட்டிடம் மட்டும் அவள் வாய் கொஞ்சம் அடங்கும். 1957 அறுவடை முடிந்ததும் அவள் அப்பா இனி இந்த மண்ணை நம்பிப் பயனில்லை என்று சொல்லி, டெக்சாஸ் எல்லை தாண்டிப் போர்ட் ஆர்தரில் எண்ணெய் ஆலை வேலைக்குக் குடும்பத்தோடு கிளம்பினார். லாரியில் அடுப்பு, கட்டில், கோழிக்கூண்டு, எல்லாவற்றுக்கும் மேலே அசெலி. ஒவிட் வாய்க்கால் பாலம் வரை லாரியோடு நடந்து போனான். பாலத்தில் நின்று, எங்கள் ஆட்கள் பிரியும்போது சொல்வதை அவனும் சொன்னான்.

"நீ எனக்குக் குறையப்போற, அசெலி."

இந்த வாக்கியத்தைப் பற்றி இங்கேயே சொல்லிவிடுவது நல்லது, ஏனென்றால் பிறகு நடந்தது எல்லாவற்றுக்கும் இதுதான் மூலம். எங்கள் பிரெஞ்சில் ஏங்குகிறவர் வாக்கியத்தின் முன்னால் வந்து நிற்பதில்லை. பிரிந்து போனவர்தான் முன்னால் நிற்பார். 'உன்னை நினைத்து ஏங்குகிறேன்' என்று யாரும் சொல்ல மாட்டார்கள். குழம்புக்கு உப்புக் குறைகிறது என்பதுபோல 'நீ எனக்குக் குறைகிறாய்' என்பார்கள். கேட்டவருக்கும் அதே ஏக்கம் இருந்தால் 'நானும்' என்று பதில் வராது, 'நீயும்' என்றுதான் வரும். லாரி பாலத்தைத் தாண்டும்போது அசெலி ஒரு கையால் கோழிக்கூண்டைப் பிடித்துக்கொண்டு, "நீயும்!" என்று கத்தினாள். கோழிகளும் கத்தின. ஒவிட்டுக்கு அது காதில் விழுந்தது.

ஒரு வருஷம் கழித்து அவன் அந்தப் பாட்டை எழுதினான். 'அசெலி, விளக்கு வைக்கிற நேரத்தில் நீ எனக்குக் குறைகிறாய்' என்பதுதான் அவன் மனதில் ஓடிய வரி. பிரெஞ்சுப் பாட்டு அப்பாமார்களுக்கானது, ஆங்கிலத்தில் பாடினால்தான் ரேடியோவில் போடுவான் என்று வயசுப் பையன்கள் எல்லோரும் நினைத்த காலம். ஒவிட் வரியைப் புரட்டினான். சொற்கள் சரி. ஆனால் முன்னால் நின்ற 'நீ'யை முன்னாலேயே வைத்தான், பின்னால் நின்ற 'நான்' பின்னாலேயே இருந்தது. ஆங்கிலத்தில் அந்த வரிசைக்கு அர்த்தம் வேறு. பாட்டு இப்படி ஆகிவிட்டது: 'அசெலி, விளக்கு வைக்கிற நேரத்தில் என்னை நினைத்து நீ ஏங்குகிறாய்.' ஒரு பாட்டுக்குள் அந்த வரி ஒன்பது முறை வருகிறது.

பதிவு செய்தவர் அல்சீட் ஃபியூசெலியர். ஊரில் தொலைக்காட்சிப் பெட்டி விற்றுக்கொண்டிருந்தவர்; சுற்றுவட்டாரத்துக் கடைகளில் காசு போட்டால் பாடும் பெட்டிகள் எல்லாம் அவருடையவை. கடையின் பின்னறையில் முட்டை அடுக்கும் அட்டைகளைச் சுவர் முழுக்க ஒட்டி ஒலிப்பதிவுக்கூடம் ஆக்கியிருந்தார். அவர் காகிதத்தை வாங்கிப் படித்தார். அந்த வரிக்கு வந்ததும் கண்ணாடிக்கு மேலாக ஒவிட்டை ஒரு பார்வை பார்த்தார். பிறகு, "எழுதினது எழுதினபடியே பாடு. ஒரு எழுத்தை மாத்தாதே," என்றார். ஒவிட்டுக்குப் பெருமை தாங்கவில்லை.

"பேருதான் சரியில்ல. லாந்த்ரினோன்னு சொன்னா ரேடியோக்காரனுக்குப் பல்லு உடைஞ்சுரும். இனிமே நீ லேனி லேன்."

"எங்கப்பா கேட்டா என்னண்ணே சொல்றது?"

"உங்கப்பாவுக்கு இங்கிலீஷ் படிக்கத் தெரியுமா?"

"தெரியாதுண்ணே."

"அப்புறம் என்னடா."

பியானோ மூன்று மூன்றாகத் தட்டிக்கொண்டே போக, இரண்டு சாக்ஸபோன்கள் பின்னால் முனக, ஒவிட் அழுகைக்கு ஒரு அங்குலம் இந்தப் பக்கம் நின்று பாடினான். கூடத்தில் தண்ணீர் ஏறியதும், அந்த வசந்தத்தில் இசைத்தட்டு கடலோரம் முழுக்கப் போனதும் எல்லோருக்கும் தெரிந்த விஷயம். இசைத்தட்டுக்கு அவ்வளவு தண்ணீர் வரவில்லை. பாடும் பெட்டிக்கு அடியில் ஒரு கரண்டி தேங்கும், கடைக்காரர்கள் ஒரு பழந்துணியை அங்கே போட்டு வைத்தார்கள். வடக்கே ஒரு பெரிய நகரத்துத் தொலைக்காட்சியில் ஒவிட்டைக் கூப்பிட்டு இசைத்தட்டுக்கு வாயசைக்கச் சொன்னபோது அவன் இடது காலணி மட்டும் நனைந்தது. நேரில் பாடினால்தான் கணுக்கால். பிலடெல்பியா வரைக்கும் போனாலும் அதே கலங்கல் தண்ணீர், அதே சேற்று இறால்.

போர்ட் ஆர்தரில் அசெலி அப்போது ஒரு கடையின் சாப்பாட்டு மேடையில் பரிமாறிக்கொண்டிருந்தாள். டெக்சாஸ்காரர்கள் அவள் பேச்சைக் கேட்டுச் சிரித்ததால், வாயில் பிரெஞ்சு வரக் கூடாது என்று வைராக்கியமாக இருந்தாள். ஒன்றரை வருஷத்தில் கனவு கூட ஆங்கிலத்தில் வர ஆரம்பித்திருந்தது. அந்தக் காதோடுதான் பாட்டைக் கேட்டாள். கூட வேலை செய்த பெண்கள் வளைத்துக்கொண்டார்கள்.

"ஏய் அசெலி, உன் பேரைச் சொல்லித்தானே பாடுறான்? நீ அவனுக்காக உருகுறியாமே! கடலோரம் பூரா தண்டோரா போட்டுட்டான்டி!"

இந்த மாதிரிப் பேச்சைத் தாங்குகிற பெண் இல்லை அவள். ஈஸ்டர் முடிந்த வாரமே வெர்னன் என்ற குழாய் பொருத்துபவனைக் கல்யாணம் செய்துகொண்டாள். வெர்னன் நல்லவன், அதிகம் பேசாதவன், ரொம்ப நாளாகக் கேட்டுக்கொண்டிருந்தவன். கல்யாணத்துக்கு மறுநாள் ஒவிட்டுக்கு ஒரு அஞ்சலட்டை போட்டாள். அதை மட்டும் பிரெஞ்சில் எழுதினாள், இலக்கணம் பிசகாமல்: 'நீ எனக்குக் குறையவில்லை.' ஒவிட் அதைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு மூன்று மாதம் திரிந்தான். ஊர் ஊராகக் கூட்டம் அவன் பாட்டுக்குச் செருப்பைக் கழற்றிய மாதங்கள் அவை. தான் என்ன தப்புச் செய்தோம் என்று அவனுக்குப் புரியவே இல்லை.

புரிந்தது 1961-இல், பியூமாண்டில், கையெழுத்து வாங்க வந்த ஒரு பெண்ணால். அவள் நோட்டை நீட்டிக்கொண்டே, "அந்த அசெலி இன்னமும் உங்களையே நினைச்சு ஏங்குறாளா?" என்று கேட்டாள். இல்லை, நான்தான் ஏங்குகிறேன் என்றான் ஒவிட். அவள் சிரித்து, பாட்டில் அப்படி இல்லையே என்றாள். அன்று நூற்றிருபது மைல் வண்டி ஓட்டிக்கொண்டு நேராக அல்சீட் கடைக்கு வந்தான்.

"உங்களுக்குத் தெரியுமாண்ணே? அந்த வரி தப்புன்னு?"

"மொத நாளே தெரியும்."

"சொல்லியிருக்கக் கூடாதா?"

"சொல்லியிருந்தா நீயும் மத்தவன் மாதிரி 'ஏங்குறேன் ஏங்குறேன்'னு பாடியிருப்ப. அப்படிப் பாடுறவன் வாய்க்காலுக்கு ஒருத்தன் கிடக்கான். அவதான் ஏங்குறான்னு அழுதுகிட்டே சொல்றவன் நீ ஒருத்தன்தான்டா. அதுல என்னமோ இருக்கு. தண்ணி வருதில்ல?"

"அவ போயிட்டாண்ணே."

அல்சீட் திருப்புளியை எடுத்தார். ஒரு தொலைக்காட்சிப் பெட்டியின் பின்பக்கத்தைக் கழற்ற ஆரம்பித்தார். கெட்டவர் என்று சொல்ல முடியாது, வியாபாரி.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை ஒவிட் வரியைத் திருத்திப் பாடினான். உன்னை நினைத்து நான் ஏங்குகிறேன் என்று, ஒன்பது இடத்திலும். செருப்பைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு கூட்டம் நின்றது. தரை காய்ந்தபடியே இருந்தது. வழக்கமான கைதட்டலில் பாதிகூட வரவில்லை, ஒரு கிழவர் மேடைக்குப் பக்கத்தில் வந்து, "உடம்பு சரியில்லையா தம்பி?" என்று உண்மையான அக்கறையோடு விசாரித்தார். ஒவிட் இடைவேளையில் புடான் என்ற சோறு அடைத்த தொத்திறைச்சி ஒரு துண்டு தின்று, ஒரு பீர் குடித்து, திரும்ப மேடையேறிப் பழையபடி பாடினான். தண்ணீர் கணுக்காலுக்கு ஏறியது. அன்றைக்கு அவன் செய்த தேர்வு அது. அவனை யாரும் கழுத்தைப் பிடித்து அமுக்கவில்லை. தண்ணீர் வேண்டும் என்று அவனுக்கே இருந்தது.

1964-க்குப் பிறகு கடல் தாண்டி நீள்முடிக்காரக் குழுக்கள் வந்தன, ரேடியோ முழுக்க அவர்கள் பாட்டு. லேனி லேன் என்ற பெயரைப் போர்ட் ஆர்தருக்கு மேற்கே எல்லோரும் மறந்தார்கள். அவன் நெல் உலர்த்தும் ஆலையில் வேலைக்குச் சேர்ந்தான், ஞாயிறு பிற்பகலில் மட்டும் லான்ஸ் நுவார் கூடத்தில் பாடினான். முப்பது முப்பத்தைந்து பாட்டு எழுதியிருப்பான். எல்லாம் நல்ல பாட்டுகள், எல்லாம் உலர்ந்த பாட்டுகள். இரண்டு தடவை கல்யாணம் நிச்சயதார்த்தம் வரைக்கும் போய் நின்றது. இரண்டாவது பெண், எல்லா ஞாயிற்றுக்கிழமையும் இன்னொருத்தி பெயரைச் சொல்லி ஊரை நனைக்கிறவனோடு எப்படிக் குடித்தனம் பண்ணுவது என்று வெளிப்படையாகக் கேட்டாள். நியாயமான கேள்விதான்.

இனி அவரை 'அவர்' என்று சொல்வதுதான் மரியாதை, ஏனென்றால் 1972 அக்டோபரில் அசெலி வந்தபோது அவருக்கு முன்மண்டை வழுக்கையாகியிருந்தது. ஞாயிறு பிற்பகல் இரண்டு மணி, கூடத்தில் ஆட்டம் தொடங்கவில்லை. டெக்சாஸ் எண் போட்ட கார் வந்து நின்றது. இறங்கியவள் கையில், தலை நைந்துபோன, தரை துடைக்கும் மாப்பு ஒன்று இருந்தது. அதை அவர் முன்னால் மேஜை மேல் போட்டாள்.

"இது பதினோராவது மாப்பு, ஒவிட்."

பதினைந்து வருஷத்தில் அவள் அவரிடம் பேசிய முதல் வார்த்தை. அதுவும் பிரெஞ்சில். ஒவிட்டுக்கு எழுந்து நிற்கத் தோன்றவில்லை.

"நீ இங்க பாடுனா அங்க என் அடுப்படியில தண்ணி ஏறுது. ஞாயித்துக்கிழமை நாலு மணி ஆனா கணுக்கால் அளவு. இதே தண்ணி, இதே இறாலு. இங்கயாவது வடியுது, அங்க வடியாது. நான்தான் துடைக்கணும். அடுப்பு, பெட்டி, எல்லாத்தையும் செங்கல் வச்சு ஒசத்தியாச்சு. வெர்னன் நாலு தடவ குழாயெல்லாம் புடுங்கிப் பாத்தாரு, பாவம், அவரு தொழிலே அதானே. அந்த இறாலை அவரு வாயில வைக்க மாட்டாரு. நானும் புள்ளைங்களும் வேக வச்சுத் தின்னுருவோம்."

"எனக்குத் தெரியாது அசெலி. சத்தியமா."

"65-ல மூணு மாசம் பாடல. ஏன்?"

"தொண்டையில கட்டி."

"அப்படித்தான் நினைச்சேன்," என்றாள். கொஞ்சம் உட்கார்ந்தாள். கூடத்துக்காரர் மனைவி கெட்டிக் காப்பி கொண்டுவந்து வைத்துவிட்டு, எதையும் கேட்காதவள்போல ஒரே மேஜையை ஏழு தடவை துடைத்தாள்.

ஒவிட், ஒரு சொல்லையும் மறைக்காமல், அந்த வரி எப்படித் தப்பானது என்று சொன்னார். அசெலி இடையில் மறித்தாள். "தெரியும். ரெண்டு வருஷம் கழிச்சு, கொடியில துணி காயப்போடும்போது தெரிஞ்சுது. வாயில கவ்வியிருந்த துணி கிளிப்பு கீழ விழுந்துருச்சு. நம்ம பாஷையில புரட்டிப் பாத்தேன், சரியா வந்துச்சு. அதுக்குள்ள இடுப்புல ஒண்ணு, வயித்துல ஒண்ணு. யாருகிட்டப் போயிச் சொல்றது?" பிறகு பையை எடுத்துக்கொண்டு எழுந்தாள். "அந்தப் பாட்டை இனிமே பாடாத ஒவிட். எனக்குக் கை வலிக்குது. வெர்னன் முகத்தையும் பாக்க முடியல."

"பாட மாட்டேன்."

மாப்பை அவள் எடுத்துப் போகவில்லை. நான்கு மணிக்குக் கூட்டம் செருப்பைக் கழற்றியது. ஒவிட் அந்தப் பாட்டு இனி இல்லை என்று சொல்லிவிட்டு வேறொன்றைப் பாடினார். ஆறு மாதத்தில் ஞாயிற்று ஆட்டம் நின்றது. கூடத்தை ஒருவர் வாங்கி வைக்கோல் அடைத்தார்.

பதினேழு வருஷம் அந்த வாக்கு நின்றது. யாரும் கேட்காதபோது வாக்கைக் காப்பாற்றுவது சுலபம் என்பதையும் சொல்லத்தான் வேண்டும். 1989-இல் லண்டனிலிருந்து ஒரு பத்திரிகைக்காரர் தொப்பியும் ஒலிப்பதிவுக் கருவியுமாக வந்தார். எங்கள் பாட்டுகளுக்கு அங்கே 'சதுப்பு நிலப் பாட்டு' என்று பெயர் வைத்திருக்கிறார்களாம். ஊரில் எல்லோருக்கும் கோபம். "இங்க எங்கய்யா சதுப்பு? எல்லாம் நெல்லு வெளையிற மண்ணு. லண்டன்காரனுக்கு வயலுக்கும் சேத்துக்கும் வித்தியாசம் தெரியலையே," என்று வாய்க்கால் ஓரம் நின்று திட்டினார்கள். ஆனால் அந்த மனிதர் ஒவிட் வீட்டுக்குள் வந்து, அந்தப் பழைய இசைத்தட்டை ஒரு குழந்தையைத் தூக்குவதுபோலப் பையிலிருந்து எடுத்து, லண்டனில் ஆயிரம் பேர் இதைக் கேட்கக் காத்திருக்கிறார்கள், நேரில் பாடினால் தண்ணீர் வருமாமே, உண்மையா என்று கேட்டார். நெல் தூசி படிந்த கையோடு ஒவிட் நின்றார். ஐம்பத்திரண்டு வயது. அப்படி ஒருவர் கேட்டு எத்தனையோ காலம் ஆகியிருந்தது.

"வரும்," என்றார்.

லண்டன் அரங்கில் தண்ணீர் முழங்கால் வரை வந்தது. அத்தனை வருஷம் தேங்கியதாக இருக்க வேண்டும். இளைஞர்கள் காலுறையைக் கழற்றிவிட்டு அழுதுகொண்டே ஆடினார்கள். அவர் ஊர் திரும்பிய மறுநாள் தொலைபேசி அடித்தது.

"அடுப்படியில புதுசா விரிப்புப் போட்டிருந்தேன், ஒவிட்," என்றாள் அசெலி. "நீல கலர்ல." உடனே தொலைபேசியை வைத்துவிட்டாள்.

அதோடு ஒவிட் நிறுத்தியிருக்கலாம். நிறுத்தவில்லை. அடுத்த வருஷம் ஹாலந்து, அதற்கடுத்து ஜெர்மனி, பிறகு மறுபடி லண்டன். ஒவ்வொரு தடவையும் இதுதான் கடைசி என்று சொல்லிக்கொண்டு விமானம் ஏறினார். தெரிந்தே பாடினார். முதல் வரி எடுக்கும்போதெல்லாம் கண்ணுக்கு முன்னால் ஒரு நீல விரிப்பு மிதக்கும். இருந்தாலும் கூட்டம் குனிந்து காலணியைக் கழற்றுகிற அந்தச் சத்தம் கேட்டால் அவரால் முடியாது. அசெலி மறுபடி கூப்பிடவில்லை. மன்னித்துவிட்டாள் என்று சில நாள் நினைத்தார், வெறுத்துவிட்டாள் என்று மற்ற நாள் நினைத்தார். போய்ப் பார்த்துக் கேட்டிருக்கலாம். போர்ட் ஆர்தர் இரண்டரை மணி நேரம்தான். லண்டனுக்குப் போன கால், அங்கே போகவில்லை.

1998 பிப்ரவரியில் அசெலியின் மகள் ஷார்லின் தொலைபேசியில் பேசி, அம்மா செவ்வாய்க்கிழமை தூக்கத்திலேயே போய்விட்டாள் என்றாள். வெர்னன் அதற்கு நாலு வருஷம் முன்பே இறந்திருந்தான். ஒவிட் கருப்புக் கோட்டு போட்டுக்கொண்டு போனார். பூசை முடிந்து, அடக்கம் முடிந்து, வீட்டில் சோறும் குழம்பும் போட்டார்கள். ஷார்லினுக்குப் பிரெஞ்சில் ஒரு சொல் தெரியாது. அவரைச் சமையலறைக்குக் கூட்டிப் போனாள். சுவரைச் சுற்றிலும், தரையிலிருந்து ஒரு சாண் உயரத்தில், காப்பி நிறத்தில் கோடு கோடாகத் தண்ணீர்க் கறை, ஒன்றின் மேல் ஒன்று. அடுப்புக்குக் கீழே செங்கல் இன்னும் இருந்தது. தரை வெறும் சிமெண்டு.

"நீல விரிப்பு போட்டிருந்ததா அம்மா சொன்னாங்களே?" என்று ஒவிட் கேட்டார்.

"அதுவா. உங்க லண்டன் கச்சேரியன்னிக்கு நனைஞ்சுது, மிஸ்டர் ஒவிட். மறுநாளே அம்மா அதைக் கிழிச்சு எடுத்துட்டாங்க. காய வச்சுத் திரும்பப் போடலாம்னு அப்பா சொன்னாரு. வேணாம், இனிமே விரிப்பே வேணாம், தரை சும்மா கிடக்கட்டும்னுட்டாங்க."

"எம்மேல கோவமா இருந்தாங்களா?"

ஷார்லின் அவரை வினோதமாகப் பார்த்தாள். "நீங்க பாடாம இருந்தீங்களே அந்தப் பதினேழு வருஷம், அப்பவும் ஞாயித்துக்கிழமை நாலு மணி ஆனா அம்மா செருப்பைக் கழட்டிட்டு இந்த இடத்துலதான் வந்து நிப்பாங்க. கொஞ்ச நேரம் நிப்பாங்க. என்னம்மான்னு கேட்டா, தரை காஞ்சிருக்கான்னு பாக்குறேன்னு சொல்வாங்க. காஞ்சுதான் இருக்கும். நாங்க கிண்டல் பண்ணுவோம்."

ஒவிட் நாற்காலியை ஒதுக்கி வைத்தார். எல்லோரையும் வெளியே அனுப்பச் சொல்லவில்லை, கதவைச் சாத்தவும் இல்லை. காலணியையும் காலுறையையும் கழற்றிவிட்டு, அந்தச் சிமெண்டுத் தரையில் நின்று, துணைக்குப் பியானோ இல்லாமல், அந்தப் பாட்டைப் பிரெஞ்சில் பாடினார். நாற்பது வருஷத்துக்கு முன் மனதில் ஓடியபடியே, நீ எனக்குக் குறைகிறாய் என்று, ஒன்பது இடத்திலும் சரியாக. தட்டைக் கையில் வைத்துக்கொண்டு நின்ற கிழடுகளில் பிரெஞ்சு தெரிந்தவர்கள் தலையைக் குனிந்துகொண்டார்கள். தரையில் ஈரக்கசிவு கூட இல்லை. ஷார்லின் நல்ல பாட்டு என்றாள்.

திரும்பி வரும்போது, எல்லை ஆற்றின் பாலத்தில் வண்டி ஏறிய நேரத்தில், ஒவிட்டுக்கு அது உறைத்தது. தண்ணீர் ஒரு நாளும் அவர் ஏக்கத்துக்கு வந்ததில்லை. அவர் ஏக்கத்தைச் சரியாகச் சொன்ன போதெல்லாம் தரை காய்ந்தே கிடந்தது. அவள் ஏங்குகிறாள் என்று சொன்ன போதுதான் வந்தது, ஏனென்றால் அவள் ஏங்கினாள். இலக்கணம்தான் தப்பு, அந்த வரி ஒரு தடவை கூடப் பொய் சொன்னதில்லை. ஊர் ஊராக, நாடு நாடாக, ஆயிரக்கணக்கான பேர் அந்தத் தண்ணீரில் காலை நனைத்திருக்கிறார்கள். அதைப் பாடியவருக்கு மட்டும் அது என்ன சொல்கிறது என்று விளங்கவில்லை. வண்டியை ஓரமாக நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் அழுதார். அறுபத்தோரு வயதில் அழுவதற்குக் கூச்சம் இல்லை.

மறுநாள் மாலை, விளக்கு வைக்கிற நேரத்தில், லான்ஸ் நுவாரில் அவர் வீட்டுச் சமையலறையில் கணுக்கால் அளவு தண்ணீர் ஏறியது. அவர் பாடவில்லை, உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்தார். இரண்டு நிமிடம் நாற்பது விநாடியில் ஏறுவது நின்றது, ஆனால் வடியவில்லை. அன்றிலிருந்து எல்லா மாலையும் வருகிறது. தவக்காலத்திலும் வருகிறது. அடுப்பையும் குளிர்பெட்டியையும் செங்கல் வைத்து உயர்த்திவிட்டார். பக்கத்து வீட்டு ரோசலின் முதல் வாரம் எட்டிப் பார்த்து, "என்ன மாமா, குழாய் ஒடைஞ்சிருச்சா? ஆளைக் கூப்பிடவா?" என்று கேட்டாள்.

"குழாய் நல்லாத்தான் இருக்கு," என்றார் ஒவிட்.

இப்போதெல்லாம் ரோசலின் கேட்பதில்லை, ஒரு கிண்ணத்தைக் கொண்டுவந்து இறாலை மட்டும் வாங்கிக்கொண்டு போகிறாள். ஒவிட் பழையபடி பாடப் போவதில்லை. லண்டன்காரர்கள் இரண்டு தடவை எழுதிக் கேட்டு விட்டுவிட்டார்கள். மாலை ஆனதும் அவர் காலணியைக் கழற்றி அலமாரி மேல் வைக்கிறார். கதவுக்குப் பின்னாலிருந்து, 1972-இல் அவள் மேஜை மேல் போட்டுவிட்டுப் போன அந்தப் பதினோராவது மாப்பை எடுக்கிறார். தலை நைந்துபோனது, தண்ணீரைச் சரியாக உறிஞ்சாது, அதனால் நேரம் பிடிக்கும். மூலையிலிருந்து ஆரம்பித்து வாசலை நோக்கித் துடைத்துக்கொண்டே, யாருக்கோ பதில் சொல்கிற மாதிரி, "நீயும்," என்கிறார்.